ஹெலன் ஹார்டின் மரபை மீறினாரா?

மேசனைட் என்று ஒரு பலகை உண்டு. மரநாரை அழுத்திச் செய்வது, ஒரு பக்கம் வழவழவென்று இருக்கும். அதன்மேல் அக்ரிலிக் வண்ணத்தைத் தண்ணீராகக் கரைத்து ஒரு பூச்சு. காய்ந்ததும் இன்னொரு நிறத்தில் இன்னொரு பூச்சு. டூத்பிரஷ்ஷை வண்ணத்தில் தோய்த்து அதன் இழைகளைச் சுண்டிவிட்டால் பொடிப் பொடியாகப் புள்ளிகள் தெறித்து, பலகை பழைய பாறையின் மேற்பரப்பைப் போல ஆகிவிடும். அதற்கு மேல், காற்றின் அழுத்தத்தால் வண்ணத்தைத் தூவும் ஏர்பிரஷ்ஷால் மென்மையான நிழல். இத்தனைக்கும் பிறகுதான் கோடுகள் வரும். காம்பஸ், பாகைமானி, வளைவு வரைய உதவும் பிளாஸ்டிக் சட்டங்கள், கட்டட வரைபடம் போடுகிறவர்கள் வைத்திருக்கும் மைப்பேனா. கையை மட்டும் நம்பி இழுத்த கோடு அதில் அபூர்வம். ஒரே ஓவியத்தில் இருபதுக்கும் மேற்பட்ட பூச்சுகள் ஒன்றன்மேல் ஒன்றாக உட்கார்ந்திருக்கும்.

இப்படி வேலை செய்தவர் ஹெலன் ஹார்டின். 1943இல் நியூ மெக்சிகோவின் ஆல்புகர்க்கி நகரில் பிறந்து, 1984இல் அதே நகரில் 41 வயதில் இறந்துபோன புவெப்லோ ஓவியர். அமெரிக்கப் பூர்வகுடிகளின் நவீன ஓவியத்தைப் பற்றி யார் பேசினாலும் அவர் பெயர் வந்துவிடும். கூடவே ஒரு வாக்கியமும் வரும்: அம்மாவின் மரபு ஓவியத்தை விட்டு விலகி நவீனத்துக்குப் போனவர் என்று. இந்த வாக்கியம் பாதிதான் சரி. அவர் விலகியது உண்மை. ஆனால் எதை விட்டு விலகினார், எங்கே போய்ச் சேர்ந்தார் என்று பார்த்தால் கதை கிட்டத்தட்ட தலைகீழாகத்தான் தெரிகிறது.

சரி, முதலில் புவெப்லோ மக்கள் யார் என்று சொல்லிவிடுகிறேன். அமெரிக்காவின் தென்மேற்கில், வறண்ட மேட்டுநிலத்தில், பல நூற்றாண்டுகளாக ஒரே இடத்தில் ஊர் கட்டி வாழ்பவர்கள். நியூ மெக்சிகோவில் மட்டும் 19 புவெப்லோ சமூகங்கள் இருக்கின்றன. அரிசோனாவின் ஹோப்பி மக்களும் இந்த வரிசையில் வருபவர்கள்தான். மக்காச்சோளம் விளைவிப்பவர்கள், மண்ணாலும் கல்லாலும் அடுக்கு வீடுகள் கட்டியவர்கள், மண்பாண்டத்துக்கு உலகப் புகழ் பெற்றவர்கள். ஆனால் எல்லோருக்கும் ஒரே மொழி கிடையாது. டேவா, டீவா, டோவா, கெரஸ், ஸூனி என்று ஊருக்கு ஊர் மாறும். சாண்டா ஃபே நகருக்கு வடக்கே ரியோ கிராண்டே ஆற்றை ஒட்டி இருக்கும் சாண்டா கிளாரா, டேவா பேசும் ஊர். அங்கே செய்யும் பளபளப்பான கறுப்புப் பானைகளை அருங்காட்சியகங்களில் பலர் பார்த்திருப்பார்கள். ஹெலனின் அம்மா பாப்லிதா வெலார்டே அந்த ஊர்க்காரர்.

பாப்லிதாவைப் பற்றிச் சொல்லாமல் ஹெலனைப் பற்றிப் பேச முடியாது. 1918இல் பிறந்தவர். சிறு வயதிலேயே தாயை இழந்தார். கண்நோயால் கொஞ்ச காலம் பார்வையே இல்லாமல் இருந்தார். பார்வை திரும்பியபோது பார்த்ததையெல்லாம் மனதில் பதியவைத்துக்கொள்ளும் ஆசை வந்தது என்று பிற்காலத்தில் சொல்வார். சாண்டா ஃபேயில் பூர்வகுடிப் பிள்ளைகளுக்கான அரசு விடுதிப் பள்ளியில் 1932இல் டோரத்தி டன் என்ற ஆசிரியை ஓர் ஓவிய வகுப்பைத் தொடங்கினார். எல்லோரும் அதை 'ஸ்டூடியோ' என்றே அழைத்தார்கள். அதில் சேர்ந்த முதல் பெண் பிள்ளைகளில் ஒருவர் பாப்லிதா.

அந்த வகுப்பின் அருமை புரிய வேண்டுமென்றால் அதற்கு முந்தைய ஐம்பது ஆண்டுகளை நினைத்துப் பார்க்க வேண்டும். 1883இல் அமெரிக்க அரசு கொண்டுவந்த விதிகள் பூர்வகுடிகளின் சடங்கு நடனங்களைக் குற்றமாக்கின. 1921இல்கூட நடனங்களைக் கட்டுப்படுத்தச் சொல்லிச் சுற்றறிக்கை போனது. விடுதிப் பள்ளிகளில் தாய்மொழி பேசினால் தண்டனை. அப்படிப்பட்ட அமைப்புக்குள்ளேயே ஓர் ஆசிரியை, 'உங்கள் ஊர் வாழ்க்கையை வரையுங்கள்' என்று சொன்னது பெரிய விடுதலை. அதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

ஆனால் அந்த விடுதலைக்கும் ஒரு வேலி இருந்தது. எப்படி வரைய வேண்டும் என்பதில் டன்னுக்குத் தெளிவான கருத்து உண்டு. ஐரோப்பிய பாணியில் தூரம், ஆழம் காட்டக் கூடாது. ஒளி, நிழல் வேண்டாம். சுத்தமான எல்லைக்கோடு, உள்ளே தட்டையான நிறம், பின்னணி பெரும்பாலும் வெறுமை. நடனமாடுவோர், பானை செய்யும் பெண்கள், மான்கள். இது பூர்வகுடிகளின் இயல்பான பாணி என்று அவர் நம்பினார். 1937இல் அவர் பள்ளியை விட்டுப் போன பிறகும் அந்தப் பாணி நிலைத்துவிட்டது. வாங்குபவர்கள் அதைத்தான் கேட்டார்கள். போட்டி நடுவர்கள் அதைத்தான் 'மரபு' என்று எடைபோட்டார்கள்.

இந்த வேலி எவ்வளவு இறுக்கமானது என்பதற்கு ஓக்லஹோமா மாநிலத்தின் டல்சாவில் இருக்கும் ஃபில்ப்ரூக் அருங்காட்சியகத்தின் ஆண்டுப் போட்டியே சாட்சி. 1953இல் அங்கே பெரும் பரிசு வாங்கிய முதல் பெண் பாப்லிதா. ஐந்தே வருடம் கழித்து, 1958இல், டகோட்டா இனத்தைச் சேர்ந்த ஆஸ்கர் ஹௌ என்பவர் அனுப்பிய ஓவியத்தை அதே போட்டி ஏற்கவில்லை. நல்ல ஓவியம்தான், ஆனால் பூர்வகுடிகளின் மரபுப் பாணியில் இல்லை என்பது காரணம். அவரும் ஸ்டூடியோவில் படித்தவர்தான். பூர்வகுடிகளின் ஓவியம் இப்படித்தான் இருக்க வேண்டும் என்று எங்களைக் குழந்தைகள் மாதிரி நடத்துவதா என்ற பொருளில் அவர் எழுதிய கோபமான கடிதம் பின்னாளில் பல ஓவியர்களுக்குத் தெம்பு கொடுத்தது.

ஹெலன் வளர்ந்தது இந்தக் காலத்தில்தான். அப்பா ஹெர்பர்ட் ஹார்டின் வெள்ளையர், காவல் துறையில் இருந்தவர். பாப்லிதாவும் அவரும் 1942இல் திருமணம் செய்துகொண்டார்கள், 1959இல் பிரிந்தார்கள். குழந்தையாக இருக்கும்போதே ஹெலனுக்கு சா-சா-வீ-ஏ என்று டேவா பெயர் வைத்தார்கள். சின்னதாக நிமிர்ந்து நிற்கும் ஸ்ப்ரூஸ் மரம் என்று அதற்கு அர்த்தம். முதலில் பேசிய மொழியும் டேவாதான். ஆனால் வாழ்ந்தது ஆல்புகர்க்கி நகரத்தில், படித்தது கத்தோலிக்கப் பள்ளியில். அம்மா விடுமுறைக்கும் திருவிழாவுக்கும் ஊருக்குக் கூட்டிப் போவார். ஆறு வயதில் ஓவியத்துக்கு முதல் பரிசு. ஒன்பது வயதில், கேலப் நகரில் வருடாவருடம் நடக்கும் பூர்வகுடிகளின் பெருவிழாவில் அம்மாவின் படங்களுக்குப் பக்கத்தில் தன் படங்களையும் வைத்து விற்றார்.

உயர்நிலைப் பள்ளியில் டிராஃப்டிங் வகுப்பு, அதாவது கட்டடம், இயந்திரம் போன்றவற்றுக்கு அளவு வைத்து வரைபடம் போடும் பாடம், அவருக்குக் கிடைத்தது. கருவிகள் அப்போதுதான் கைக்கு வந்தன. நம் பள்ளிப் பிள்ளைகள் ஜியாமெட்ரி பாக்ஸைப் பரீட்சை முடிந்ததும் தூக்கிப் போடுவார்கள். ஹெலன் கடைசிவரை கீழே வைக்கவில்லை. பிறகு 1960 கோடையில், ராக்ஃபெல்லர் அறக்கட்டளையின் பணத்தில் அரிசோனா பல்கலைக்கழகம் நடத்திய இளம் பூர்வகுடி ஓவியர்களுக்கான பயிற்சிக்குப் போனார். அதற்கு அடுத்து நியூ மெக்சிகோ பல்கலைக்கழகத்தில் கொஞ்ச காலம் கலை வரலாறும் மானுடவியலும் படித்தார்.

அவர் மேல் பெரிய தாக்கம் வைத்த இன்னொருவர் ஜோ ஹெரேரா. கொச்சிட்டி புவெப்லோவைச் சேர்ந்தவர், ஸ்டூடியோவில் பயின்றவர். 1950களின் தொடக்கத்தில் ரேமண்ட் ஜான்சன் என்ற அரூப ஓவியரிடம் படித்துவிட்டு, நடனக்காரர்களை வரைவதை விட்டுவிட்டுப் பாறைக் கீறல்களையும் பழைய சின்னங்களையும் எடுத்து அரூபமாக வரைய ஆரம்பித்தார். வண்ணத்தைத் தெறிக்கவிடும் முறையும் அவரிடம் உண்டு. இங்கே ஒரு குடும்பக் கணக்கு குறுக்காக ஓடுகிறது. ஜோ ஹெரேராவின் தாய் டோனிட்டா பென்யா. தண்ணீர் வண்ணத்தில் ஓவியம் வரைந்து பெயர் வாங்கிய முதல் புவெப்லோ பெண். பாப்லிதா மாணவியாக இருந்தபோது, பெண்ணும் ஓவியராக வாழ முடியும் என்று அவருக்குக் காட்டியவர் டோனிட்டா. அந்தத் தாய் பாப்லிதாவுக்கு வழிகாட்டினார், அவருடைய மகன் பாப்லிதாவின் மகளுக்கு வழிகாட்டினார். தலைமுறைக்குத் தலைமுறை அறுந்துபோன மரபு என்று இதை எப்படிச் சொல்வது?

அம்மாவுக்கும் மகளுக்கும் நடுவில் மோதல் இருந்தது, அதை மறைக்க வேண்டியதில்லை. இருவரும் ஒரே சந்தையில், ஒரே விழாக்களில், பெரும்பாலும் ஒரே வாடிக்கையாளர்களிடம் விற்றார்கள். பாப்லிதா கடுமையாக உழைத்து இடம் பிடித்தவர். பெண்கள் பானை செய்யட்டும், ஓவியம் ஆண்கள் வேலை என்று ஊரில் பேசியவர்களைத் தாண்டி வந்தவர். மகள் தன் பாணியை ஒதுக்கியதை அவரால் லேசாக எடுத்துக்கொள்ள முடியவில்லை. மகளுக்கோ, எந்தப் படம் விற்றாலும் பாப்லிதாவின் மகள் என்பதால் விற்றது என்ற சந்தேகம் அரித்துக்கொண்டே இருந்தது. படங்களில் சா-சா-வீ-ஏ என்று கையெழுத்திட்டதற்கு அதுவும் ஒரு காரணம்.

1964இல் ஹெலனுக்கு மார்கரெட் என்ற மகள் பிறந்தார். அடுத்து வந்த சில வருடங்கள் சிரமமானவை. 1968இல் ஹெலன் குழந்தையுடன் கொலம்பியாவின் பொகோட்டா நகருக்குப் போனார். ஹெலனின் அப்பா அங்கே வேலையில் இருந்தார். அமெரிக்கத் தூதரகத்தில் ஹெலனின் படங்களை வைத்துக் கண்காட்சி நடந்தது. 27 ஓவியங்கள் விற்றன. வாங்கியவர்களுக்குப் பாப்லிதா யாரென்று தெரியாது. பூர்வகுடிகளின் ஓவியம் எப்படி இருக்க வேண்டும் என்ற முன்முடிவும் அவர்களிடம் இல்லை. படம் பிடித்திருந்தது, வாங்கினார்கள். ஹெலனுடைய வாழ்க்கையின் திருப்பம் இதுதான் என்று அவரைப் பற்றி எழுதியவர்கள் சொல்கிறார்கள். எனக்கும் அப்படித்தான் படுகிறது. திரும்பி வந்ததும் அவருடைய வேலையில் தயக்கம் குறைந்தது. 1970இல் நியூ மெக்சிகோ மாகசின் அவரை அட்டையில் போட்டது. 1973இல் புகைப்படக்காரர் கிரேடாக் பேக்ஷாவை மணந்தார். 1976இல் பொதுத் தொலைக்காட்சி பூர்வகுடிக் கலைஞர்களைப் பற்றி ஒளிபரப்பிய தொடரில் ஒரு பகுதி அவரைப் பற்றியது.

இனி ஓவியங்களுக்கு வருவோம். 1970களில் அவர் வரைந்தவற்றில் கச்சினாக்கள் திரும்பத் திரும்ப வருகிறார்கள். கச்சினா என்றால் மழையையும் விளைச்சலையும் கொண்டுவரும் ஆவி உருவம், மேகங்களோடும் முன்னோர்களோடும் உறவுடையது. டேவாவில் ஓ-கூ-வா. அவர்கள் குளிர்காலத்தில் விழித்தெழுவதை வைத்து 1972இல் ஹெலன் வரைந்த படம் அவருடைய முதிர்ந்த பாணியின் தொடக்கம் என்று சொல்லலாம். அம்மாவின் படங்களில் நடனக்காரரின் காலையும் கையையும் உடையின் ஓரத் தையலையும்கூட எண்ணலாம். ஹெலனிடம் உடம்பு என்று தனியாக ஒன்று கிடையாது. வட்டம், அரைவட்டம், படிக்கட்டு வடிவம், முக்கோண வரிசை, இறகைக் குறிக்கும் நீள்கோடுகள் ஆகியவை ஒன்றுக்குள் ஒன்று நுழைந்து ஓர் உருவமாக நிற்கும். கொஞ்ச நேரம் பார்த்தால்தான் அதில் முகம் எது என்று பிடிபடும்.

இந்தப் படிக்கட்டும் முக்கோணமும் எங்கிருந்து வந்தன? பானையிலிருந்து. நியூ மெக்சிகோவின் தெற்கே மிம்ப்ரெஸ் ஆற்றுப் பள்ளத்தாக்கில், ஏறக்குறைய கி.பி. 1000 முதல் 1130 வரை வெள்ளை மேல் கறுப்பு வண்ணத்தில் கிண்ணங்கள் செய்தார்கள். உள்வட்டத்தை நான்காக, எட்டாகப் பிரித்து, ஒவ்வொரு பிரிவுக்குள்ளும் மயிரிழைக் கோடுகள். நடுவில் முயலோ மீனோ வௌவாலோ. கோடுகளின் நெருக்கம் இன்றைக்குப் பார்த்தாலும் பிரமிக்க வைக்கும். மிம்ப்ரெஸ் மட்டுமில்லை, சாக்கோ பள்ளத்தாக்கு, மேசா வெர்டே என்று புவெப்லோ முன்னோர்கள் வாழ்ந்த இடங்களிலெல்லாம் பாண்டங்களில் இதே வடிவ மொழிதான். மனித உருவத்தைத் தெளிவாக, உடையும் நகையுமாக வரைந்து காகிதத்தில் விற்பது இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வந்த வழக்கம். மானுடவியலாளர்களும் பயணிகளும் கேட்டார்கள், சான் இல்டிஃபான்சோ போன்ற ஊர்களில் வரைந்து கொடுத்தார்கள். டன்னின் ஸ்டூடியோ அதை ஒழுங்குபடுத்தியது.

ஆக, ஹெலன் முதிர்ந்த ஓவியராக வந்தபோது 'மரபு' என்று நடுவர்கள் சொன்ன பாணிக்கு வயது நாற்பது, மிஞ்சினால் எழுபது. அவர் கையில் எடுத்த வடிவங்களுக்கு வயது ஆயிரம். அவருடைய காம்பஸும் ஏர்பிரஷ்ஷும் புதியவை, அதனால் ஓவியமும் புதியதாகத் தெரிந்தது. ஐரோப்பிய நவீனத்தின் சாயலும் அதில் உண்டு, உருவத்தைக் கோணமும் கட்டமுமாக உடைத்து வரையும் கியூபிசம் அவருக்குத் தெரியாததில்லை. ஆனாலும் அடித்தளம் பானைதான்.

செய்முறையிலும் அவர் அம்மாவிடமிருந்து பெற்றது கண்ணுக்குத் தெரிவதைவிட அதிகம். பாப்லிதா 'மண் ஓவியங்கள்' என்று ஒரு வகை செய்தார். மலையில் கிடைக்கும் நிறக் கற்களையும் மண் கட்டிகளையும் பொறுக்கி வந்து, மக்காச்சோளம் அரைக்கும் அம்மிக்கல்லில் மாவாக அரைப்பார். அதைப் பசையோடு குழைத்துப் பலகையில் பூச்சுக்கு மேல் பூச்சாக ஏற்றுவார். ஒரு நிறம் கெட்டியாக நிற்கப் பல பூச்சு வேண்டும். மகள் மண்ணை விட்டுவிட்டு அக்ரிலிக் எடுத்தார். பூச்சின் மேல் பூச்சு ஏற்றும் பொறுமை மட்டும் அப்படியே இருந்தது. இந்த ஒற்றுமையைப் பலரும் கண்டுகொள்ளாமல் போவது எனக்கு ஆச்சரியமாக இருக்கிறது.

அப்புறம் இன்னொரு விஷயம், சங்கடமானது. கச்சினாக்களை வரையலாமா? ரியோ கிராண்டே கரையில் இருக்கும் புவெப்லோ ஊர்களில் முகமூடிச் சடங்குகளை வெளியார் பார்க்க அனுமதியே இல்லை. இந்த ரகசியத்துக்குப் பின்னால் ரத்த வரலாறு இருக்கிறது. 1675இல் ஸ்பானிய ஆளுநர் 47 சமயத் தலைவர்களைப் பிடித்துச் சூனியக்காரர்கள் என்று குற்றம் சாட்டினார். சிலரைத் தூக்கிலிட்டார்கள், மற்றவர்களுக்குச் சவுக்கடி. அடிபட்டவர்களில் ஒருவரான போப்பே 1680இல் ஊர்களையெல்லாம் திரட்டி ஸ்பானியரை விரட்டினார். 1692இல் அவர்கள் திரும்ப வந்தார்கள். அதன் பிறகு சடங்குகள் கீவா என்னும் கூடத்துக்குள்ளேயே அடைக்கலமாயின. வெளியில் தேவாலயம், உள்ளே கீவா. பூர்வீக நம்பிக்கை உயிர் பிழைத்ததே ரகசியத்தால்தான். அதனால் ஊர் வாழ்க்கையை வெளியாருக்கு வரைந்து காட்டிய எல்லா ஓவியர்களும் என்றாவது ஒரு நாள் ஊராரின் கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டியிருந்தது. பாப்லிதாவும் அதைச் சந்தித்தார்.

ஹெலனின் அரூபத்தை இந்தக் கோணத்திலும் பார்க்க வேண்டும். ஒரு சடங்கை விவரமாக வரைந்தால் அது தகவல். யார் என்ன அணிந்தார், எத்தனை பேர் நின்றார் என்று வெளியார் குறித்துக்கொள்ளலாம். வட்டமும் படிக்கட்டுமாகப் பிரித்து அடுக்கினால் அந்தத் தகவல் போய்விடும், உணர்வு மட்டும் நிற்கும். இது திட்டமிட்ட மறைப்பு என்று நான் சொல்ல வரவில்லை. விளைவு அப்படி அமைந்தது. வெளியாருக்கு விற்கலாம், அதே நேரம் உள்ளே இருப்பதைக் காட்டிக்கொடுக்காமலும் இருக்கலாம்.

அவர் உள்ளே இருந்தாரா, வெளியே இருந்தாரா என்பதும் எளிதான கேள்வி இல்லை. 1939இல் சாண்டா கிளாரா நிர்வாகம் ஓர் உறுப்பினர் விதி போட்டது. ஊர்க்கார ஆண் வெளியே திருமணம் செய்தால் அவர் பிள்ளைகள் உறுப்பினர்கள். ஊர்க்காரப் பெண் வெளியே திருமணம் செய்தால் அவர் பிள்ளைகள் உறுப்பினர்கள் இல்லை. ஹெலனின் பெற்றோர் 1942இல் திருமணம் செய்தவர்கள், அப்பா வெளியார். அந்த விதியின்படி, டேவா பேசி வளர்ந்த, டேவா பெயர் கொண்ட ஹெலன் ஊரின் கணக்கில் வரமாட்டார். அதே ஊரைச் சேர்ந்த ஜூலியா மார்டினஸ் என்பவரின் கணவர் நவஹோ என்ற வேறொரு பூர்வகுடி இனத்தவர். தன் பிள்ளைகளுக்காக அவர் இந்த விதியை எதிர்த்து நீதிமன்றம் போனார். 1978இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம், இது ஊரின் சுயாட்சிக்கு உட்பட்ட விஷயம், கூட்டாட்சி நீதிமன்றத்தில் ஊரின் மேல் இப்படி வழக்குப் போட முடியாது என்று தீர்ப்புச் சொன்னது. பூர்வகுடிச் சட்டம் படிக்கிறவர்கள் இன்றும் விவாதிக்கும் தீர்ப்பு. ஒரு சமூகம் தன் விதியைத் தானே வகுக்கும் உரிமை பெரிது, அதை வெளியிலிருந்து யாரும் பறிக்கக் கூடாது. அந்த உரிமையின் சுமை பெண்களின் பிள்ளைகள் மேல் விழுந்ததும் உண்மை. இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டியிருக்கிறது.

சமூக வாழ்க்கையில் தான் வெள்ளையர் உலகத்தவள், ஓவியத்தில் பூர்வகுடி என்ற பொருளில் ஹெலன் ஒருமுறை சொன்னார். இந்தப் பின்னணி தெரிந்தால் அதன் கனம் புரியும். 'எனக்குள் பார்க்கிறேன், நான் பல பகுதிகள்' என்று அவருடைய ஓர் ஓவியத்துக்குப் பெயர்.

1980 வாக்கில் அவர் எட்ச்சிங்கில் இறங்கினார். செம்புத் தகட்டில் அமிலம் தாக்காத மெழுகுப் பூச்சுப் பூசி, அதில் ஊசியால் கீறி வரைய வேண்டும். தகட்டை அமிலத்தில் போட்டால் கீறிய இடத்தை மட்டும் அமிலம் தின்னும். அந்தப் பள்ளத்தில் மை நிரப்பி, ஈரக் காகிதத்தை வைத்து அழுத்து எந்திரத்தில் உருட்டினால் அச்சு விழும். பல நிறம் வேண்டும் என்றால் பல தகடு தேவைப்படலாம். எல்லாம் ஒன்றன்மேல் ஒன்று மயிரிழை பிசகாமல் பொருந்த வேண்டும். கோணல் வந்தால் காகிதம் வீண். கோட்டின் சுத்தத்துக்காகவே வாழ்ந்தவருக்கு இதைவிடப் பொருத்தமான ஊடகம் கிடைத்திருக்காது. ஒரு தகட்டிலிருந்து பல பிரதிகள் எடுக்கலாம் என்பதால் சாதாரண வருமானம் உள்ளவர்களும் அவருடைய வேலையை வாங்க முடிந்தது.

இந்தத் தகடுகளில் பிறந்ததுதான் அவருடைய 'பெண்' வரிசை. 'மாறும் பெண்', 'மருத்துவப் பெண்', 'கேட்கும் பெண்'. மூன்றுமே முகங்கள். வளைவும் கோணமும் நிறக் கட்டங்களுமாகப் பொருத்திய முகங்கள். 'மாறும் பெண்' என்பது நவஹோ மரபில் ஒரு பெரும் தெய்வத்தின் பெயர். ஹெலன் அதில் தன்னைப் பார்த்தார். பெண் உடலை வரைவதைவிட, பெண்ணின் அறிவும் உணர்வும் படும் பாட்டை வரைவதுதான் தன் நோக்கம் என்று அவர் விளக்கினார். பூர்வகுடிப் பெண் என்றால் பானையோடோ குழந்தையோடோ உட்கார்ந்திருக்கும் படம்தான் அன்றைய சந்தையில் ஓடியது. அந்தப் பெண்ணுக்குள் யோசிக்கும் ஓர் ஆள் இருக்கிறாள் என்று காட்டிய படங்கள் மிகச் சில. அவற்றில் இந்த மூன்று முகங்களுக்கும் முதல் இடம் தருவேன்.

1981இல் மார்பகப் புற்றுநோய் என்று தெரிந்தது. வேலையை நிறுத்தவில்லை. 'கேட்கும் பெண்' அதற்குப் பிறகு வந்ததுதான். 'உருமாற்றம்' என்ற படத்தில் முகம் துண்டு துண்டாகச் சிதறி, கோடுகள் ரம்பப் பல் மாதிரி இருக்கும். அவருடைய வழக்கமான அமைதி அதில் இல்லை. 'பெண்' வரிசையில் நான்காவதாக 'படைக்கும் பெண்' வர வேண்டியது, வரவில்லை. 1984 ஜூன் 9 அன்று ஹெலன் இறந்தார்.

மகள் மார்கரெட்டுக்கு அப்போது 19 வயது. அம்மா இருந்தவரை அவர் ஓவியத்தின் பக்கம் வரவேயில்லை. 1990இல்தான் தொடங்கினார். பெரிய துணியில் எண்ணெய் வண்ணம், கண்ணாடித் தகடுகளை ஒன்றன்மேல் ஒன்று வைத்தது போல ஒளி ஊடுருவும் நிறப் பட்டைகள். பாட்டியின் கதை உருவங்களும் இல்லை, அம்மாவின் மைக்கோடும் இல்லை. ஆனால் படிக்கட்டும் வட்டமும் அங்கேயும் வந்து நிற்கும். பாப்லிதா 2006இல் 87 வயதில் காலமானார். பேத்தி தொடங்கியதைப் பார்த்துவிட்டுத்தான் போனார். மார்கரெட் 2012இல் சாண்டா ஃபேயில் பாட்டியின் பெயரில், பூர்வகுடிப் பெண் கலைஞர்களுக்கென்றே ஓர் அருங்காட்சியகம் திறந்தார். 2015இல் மூளைக் கட்டியால் அவரும் இறந்தார், 50 வயது. அருங்காட்சியகம் அதிக நாள் நிலைக்கவில்லை.

மூன்று பேரின் படங்களையும் பக்கம் பக்கமாகத் தொங்கவிட்டு 'பாட்டி, அம்மா, மகள்' என்று காட்டுவது கண்காட்சி நடத்துகிறவர்களுக்குப் பிடித்தமான வழி. அழகாகத்தான் இருக்கும். ஆனால் பாட்டி மரபு, பேத்தி நவீனம், நடுவில் ஹெலன் பாலம் என்று பார்ப்பவர் மனதில் ஏணி மாதிரி ஒரு படிநிலை உருவாகிவிடுகிறது. ஹெலனைப் பானைகளுக்குப் பக்கத்தில் வைத்தால் இந்தக் குழப்பம் தீரும். மிம்ப்ரெஸ் கிண்ணங்களை அதற்கு எடுக்கக் கூடாது. அவற்றில் பெரும்பாலானவை புதைகுழிகளிலிருந்து எடுக்கப்பட்டவை, பலவற்றைக் கொள்ளையர்கள் தோண்டியெடுத்தார்கள். இறந்தவரின் முகத்தின்மேல், அடியில் துளையிட்டுக் கவிழ்த்து வைத்தவை அவை. அவற்றைக் காட்சிக்கு வைப்பதைப் புவெப்லோ மக்கள் பலர் விரும்பவில்லை. 1990இல் வந்த கூட்டாட்சிச் சட்டம் அப்படிப்பட்ட பொருட்களைச் சமூகங்களுக்குத் திருப்பித் தர வழி செய்கிறது. விற்பதற்காகவே செய்த பாண்டங்கள் ஏராளமாக இருக்கின்றன. சாண்டா கிளாராவின் குயவர் குடும்பங்கள் இன்றும் பானையில் படிக்கட்டும் இறகு வரிசையும் செதுக்குகிறார்கள். அவற்றில் நான்கைந்தை அந்தக் குடும்பங்களிடமே கேட்டு வாங்கி, ஹெலனின் 1970களின் ஓவியங்களோடு ஒரே அறையில் வைத்தால் போதும்.